அம்மன் சரக்கா, பயணியா?

மனிதன் பிறக்கும்போது அவன் வளர்ந்து எதைச் சுமப்பான் என்று யாரும் எழுதி வைப்பதில்லை. வண்டியின் கதை வேறு. தொழிற்சாலை வாசலைத் தாண்டுவதற்கு முன்பே அது எதைச் சுமக்க வேண்டும், எவ்வளவு உயரம் இருக்கலாம், எத்தனை பேரை உட்கார வைக்கலாம் என்பதெல்லாம் ஓர் அட்டையில் தீர்மானமாகிவிடும். அதற்குப் பிறகு துருப்பிடித்துச் சாகும்வரை அது அந்த அட்டைக்கு அடங்கி நடக்க வேண்டும். தைவானின் மேற்குக் கரையில் சிப்பித்துறை என்ற ஊரில் பி-யுன் என்கிற பெண்மணி வைத்திருந்த நீல வண்டியின் அட்டையில், "சிறு சரக்கு வண்டி. திறந்த பெட்டி. ஓட்டுநரைச் சேர்த்து இருவர்" என்று இருந்தது. பி-யுன் அதைப் படித்ததே இல்லை. வண்டியும் படித்ததில்லை. இருவரும் ஒற்றுமையாகச் சிப்பி சுமந்து பிழைத்துவந்தார்கள்.

அந்த வண்டிதான் அவளுக்குச் சோறு. விடியும் முன்பே சேற்றுக் கடலிலிருந்து வரும் சிப்பி மூட்டைகளை ஏற்றிக்கொண்டு சந்தைக்குப் போவாள். கணவர் முதுகு போய் வீட்டோடு உட்கார்ந்து சிப்பி உரித்துக்கொண்டிருந்தார். வண்டி ஒரு நாள் நின்றால் வீட்டில் வாய்ச்சண்டை தொடங்கும், ஒரு வாரம் நின்றால் சண்டை போடவும் தெம்பு இருக்காது.

அந்த வருடம் மாட்ஸு அம்மன் அவளைப் பிடித்துக்கொண்டாள். கடலுக்குப் போகிறவர்களைக் காக்கும் அம்மன், தன் திருவிழாப் பொறுப்பை யார் தலையில் கட்டுவது என்பதை வருடா வருடம் தானே முடிவு செய்வாள். அதற்குப் பிறை வடிவில் இரண்டு மரக்கட்டைகள் இருக்கின்றன. ஒரு பக்கம் தட்டை, மறுபக்கம் முதுகு போலக் குவிந்திருக்கும். தரையில் போட்டால் ஒன்று தட்டையும் ஒன்று முதுகுமாக விழ வேண்டும். அது சம்மதம். இரண்டும் முதுகைக் காட்டினால் மறுப்பு. இரண்டும் தட்டைப் பக்கம் தெரிய மல்லாந்தால் அம்மன் சிரிக்கிறாள் என்று அர்த்தம். கேள்வி சரியில்லை, திருத்திக் கேட்க வேண்டும். பி-யுன் போட்டபோது சம்மதத்தின் மேல் சம்மதமாக விழுந்தது. ஊரில் வேறு யாருக்கும் அத்தனை விழவில்லை. எல்லோரும் கை தட்டினார்கள். தப்பித்தோம் என்கிற நிம்மதி அந்தக் கைதட்டலில் நன்றாகவே கேட்டது.

பொறுப்பு என்றால் முக்கியமாக ஒரு வேலை. சீனப் பஞ்சாங்கப்படி மூன்றாம் மாதம் அம்மனை வடக்கே உள்ள தாய்க்கோயிலுக்கு, அதாவது பிறந்த வீட்டுக்கு, அழைத்துப்போய்ப் பத்திரமாகத் திரும்பக் கொண்டுவர வேண்டும். முன்பெல்லாம் பல்லக்கில் தூக்கிக்கொண்டு போவார்கள். இப்போது தூக்கக்கூடிய வயதில் இருக்கிறவர்கள் எல்லாம் நகரத்தில் கணினிச் சில்லு செய்கிறார்கள். மிச்சம் இருந்த கிழவர்கள் போன வருடம் தூக்கினார்கள். பல்லக்கு வழியில் இருந்த மருந்துக்கடை ஒவ்வொன்றின் வாசலிலும் நின்று நின்று போனது. அம்மன் மருந்துக்கடைகளுக்கு ஆசி வழங்குகிறாள் என்று ஜனங்கள் விழுந்து கும்பிட்டார்கள். உள்ளே தூக்கிகள் முட்டிக்குப் பிளாஸ்திரி வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

"பல்லக்கெல்லாம் பழைய பாணி," என்றார் கோயில் தலைவர் லியாவ். அவருக்குப் புதுமை என்றால் உயிர். அர்ச்சனைக்கு வரிசைச் சீட்டு கொடுக்கும் இயந்திரத்தைக் கோயில் வாசலில் வைத்தவர் அவர்தான். அம்மனைக் கன்னம் உப்பிய பொம்மையாக வரைந்து தேநீர்க் கோப்பையில் அச்சடித்து விற்றவரும் அவரே. "உன் வண்டி இருக்கு. அதுல கண்ணாடிக் கூரை போடு. ஓடுற எழுத்துப் பலகை வை. நேரடி ஒளிபரப்பு நான் பாத்துக்கறேன்."

"சிப்பி நாத்தம் அடிக்குமே தலைவரே."

"ஆத்தா கடல்காரி. அவளுக்கு அது நாத்தமா?"

ஊரில் வெல்டிங் பட்டறை வைத்திருந்த குயெய், அம்மனுக்குச் செய்வதற்குக் கூலி வேண்டாம் என்று சொல்லிவிட்டு, தன் கையால் கூரை போட்டுக் கொடுத்தான். அம்மன் உட்காரும் பீடத்தைப் போல்ட் போட்டு இறுக்கினான். லியாவின் கட்டளைப்படி நிறம் மாறும் விளக்கு வைத்தான். கடைசியாக வண்டியின் அடிப்பாகத்தையே ஸ்பிரிங் மாற்றி ஒரு முழம் உயர்த்தினான். இதற்குக் காரணம் இருந்தது. அம்மனின் பல்லக்குக்கு அடியில் புகுந்து வந்தால் பிணி தீரும் என்பது நம்பிக்கை. பல்லக்கு இல்லையென்றால் ஜனங்கள் வண்டிக்கு அடியில்தானே புகுந்து வர வேண்டும்?

வண்டி ஜொலித்தது. எல்லாம் முடிந்தபோதுதான் வருடாந்திரப் பரிசோதனைக்கு வரும்படி வாகன அலுவலகத்திலிருந்து குறுஞ்செய்தி வந்தது.

பரிசோதகர் யென் நல்ல மனிதர். அதுதான் சிக்கல். கெட்டவராக இருந்திருந்தால் ஏதாவது வழி சொல்லியிருப்பார். வண்டியை ஒருமுறை சுற்றி வந்தார். மறுமுறை சுற்றி வந்தபோது அவர் முகம் வாடியிருந்தது.

"அக்கா, இந்தக் கூர எப்ப முளைச்சது?"

"போன வாரம் சார்."

"மாத்தம் பண்றதுக்கு முன்னாடி அனுமதி வாங்கணும்."

"அதுக்கென்ன, இப்ப வாங்கிக்கறேன்."

"இப்ப முடியாது. இப்பதான் மாத்தியாச்சே."

"அப்ப கழட்டிட்டு வந்து வாங்கிக்கறேன்."

"தாராளமா. ஆனா மனுவோட, மாத்தினதுக்கு அப்புறம் வண்டி எப்படி இருக்குன்னு படம் ஒட்டணும்."

"கழட்டின வண்டிய, மாத்தின மாதிரி எப்படி சார் படம் எடுக்கறது?"

யென் உண்மையாகவே யோசித்தார். "நல்ல கேள்வி. எழுத்து மூலமா குடுங்க, மேல அனுப்பறேன்."

பிறகு குனிந்து வண்டியின் அடியைப் பார்த்தார். "எதுக்கு இவ்வளவு உசத்தினீங்க?"

"ஜனங்க அடியில பூந்து போக."

யென் பேனாவைக் கீழே வைத்தார். "வண்டிக்கு அடியிலயா?"

"நிக்கும்போதுதான் சார். போன வருஷம் உங்கம்மாகூடப் பூந்தாங்களே, நான் பாத்தேன்."

"எங்கம்மா பூந்தது பல்லக்குக்கு அடியில. பல்லக்குக்கு நம்பர் பிளேட் கிடையாது." அவர் அடுத்த தாளைப் புரட்டினார். "சரி. இந்தப் பெட்டியில என்ன ஏத்தப் போறீங்க?"

"ஆத்தாள."

"அப்ப, 'சரக்கு'ன்னு போட்டுக்கறேன்."

"வாயக் கழுவுங்க சார்!" பி-யுன் போட்ட சத்தத்தில் பக்கத்து வரிசையில் நின்ற வண்டிகள் இஞ்சினை அணைத்தன. "ஆத்தா சரக்கா? முட்டைக்கோஸும் ஆத்தாவும் ஒண்ணா?"

யென்னுக்கே வேர்த்துவிட்டது. அவர் சட்டைப்பையிலும் அம்மனின் சிவப்புத் தாயத்து ஒன்று இருந்தது. அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "தப்புதான், தப்புதான். அப்ப 'பயணி'. ஆனா பயணிய சரக்குப் பெட்டியில ஏத்தறது குத்தம் அக்கா. வண்டியையே நிறுத்திருவாங்க."

"ஆத்தா பயணியும் இல்ல சார். ஆத்தா ஆத்தா."

"எனக்குத் தெரியும். தாளுக்குத் தெரியாதே. இதுல ரெண்டே கட்டம்தான் இருக்கு."

கூரை எப்படி வந்தது என்று கேட்கப்போய் அம்மன் யார் என்கிற கேள்வியில் வந்து நின்றது. கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதைதான். இரண்டு கட்டமும் காலியாக இருக்கிற வண்டி சாலையில் ஓடக் கூடாது என்பது விதி. ஆகவே யென் தாமே ஸ்குரூ டிரைவர் எடுத்து வந்து நம்பர் பிளேட்டைக் கழற்றினார். கழற்றியதைத் துணியால் மரியாதையாகத் துடைத்து, ரசீது போட்டுக் கொடுத்தார். அம்மன் பிறந்த வீடு கிளம்புவதற்குள் பதிவு சரியாகாவிட்டால் வண்டியின் பதிவே ரத்தாகும் என்பதையும் மெதுவான குரலில் சொன்னார்.

பி-யுன் அலுவலக வாசலில் வண்டியின் படியில் உட்கார்ந்து அழுதாள். துக்கத்தைவிட ஆத்திரம் அதிகம். திருடவில்லை, யாரையும் ஏமாற்றவில்லை, அம்மனுக்கு ஒரு கூரை போட்டாள். அதற்கு இப்போது சோறும் போய், அம்மன் காரியமும் கெட்டு, ஊர் சிரிக்க நிற்க வேண்டுமா? யென் வெளியே வந்து ஒரு குவளை தேநீர் கொடுத்தார். அவள் வாங்கிக் குடித்துவிட்டு, அவரை நன்றாகத் திட்டினாள். அவரும் நின்று கேட்டுக்கொண்டார்.

அடுத்த நாளிலிருந்து சிப்பி மூட்டைகள் வாடகை வண்டியில் போயின. சிப்பி விற்ற காசை வாடகை தின்றது. கணவர், "நீ கட்டை போடப் போகாம இருந்திருக்கலாம்" என்று ஒரு நாளைக்கு ஒருமுறை சொல்லத் தொடங்கினார்.

கோப்பு யென்னின் மேசையிலிருந்து பிரிவுத் தலைவர் தூவின் மேசைக்கு ஏறியது. தூ அப்போதுதான் தலைநகரில் 'மக்களை மையமாகக் கொண்ட மகிழ்ச்சியான நிர்வாகம்' என்ற பயிற்சி முகாமுக்குப் போய்த் திரும்பியிருந்தார். அங்கே பல நிறங்களில் ஒட்டும் காகிதம் கொடுத்திருந்தார்கள். அவற்றைப் பயன்படுத்த ஒரு பிரச்சினைக்காகக் காத்துக்கொண்டிருந்தவருக்கு, அம்மன் கோப்பு வரப்பிரசாதமாக வந்தது. உடனே கூட்டம் போட்டார். ஒவ்வொருவரும் தம் கருத்தை ஒட்டும் காகிதத்தில் எழுதிச் சுவரில் ஒட்ட வேண்டும். சரக்கு என்று எழுதினால் அம்மன் கோபிப்பாள், பயணி என்று எழுதினால் தணிக்கைத் துறை கோபிக்கும். ஆகவே அதிகாரிகள் எல்லோரும் "கூடுதல் ஆலோசனை தேவை" என்று எழுதினார்கள். சுவர் அழகாக இருந்தது. தூ அதைப் படம் எடுத்துத் தலைநகருக்கு அனுப்பினார்.

"ஒரு விஷயம்," என்றார் தூ. "சம்பந்தப்பட்ட பயனாளியோட கருத்த யாராவது கேட்டீங்களா?"

"பி-யுன் அக்கா சொன்னத எழுதியிருக்கேன் தலைவரே," என்றார் யென்.

"அவங்க வண்டிக்காரங்க. பயனாளி அம்மன்தானே?"

இப்படியாக வாகன அலுவலகம், குறிப்பேடு, முத்திரை, மைப்பெட்டி சகிதம் சிப்பித்துறைக் கோயிலுக்குப் புறப்பட்டது. லியாவ் நேரடி ஒளிபரப்பை ஆரம்பித்தார். ஊர் முழுக்கக் கூடியது. யென் செருமிக்கொண்டு படிவத்தைப் படித்தார்.

"மாட்ஸு என்கிற பயனாளி அவர்களே, தாங்கள் சரக்கா?"

பி-யுன் கண்ணை மூடிக்கொண்டு கட்டைகளைப் போட்டாள். இரண்டும் முதுகைக் காட்டி விழுந்தன. மறுப்பு. ஊர் பெருமூச்சு விட்டது.

"அப்படியானால், தாங்கள் பயணியா?"

இரண்டும் மல்லாந்தன. மறுபடி போட்டார்கள். மறுபடியும் மல்லாந்தன.

"என்ன அர்த்தம்?" என்றார் தூ.

"ஆத்தா சிரிக்கிறாங்க," என்றாள் பி-யுன்.

"படிவத்துல சிரிப்புக்குக் கட்டம் இல்லையே."

"கேள்விய மாத்திக் கேளுங்க தலைவரே. அதான் முறை."

"கேள்விய மாத்த எனக்கு அதிகாரம் இல்லம்மா. பதிலத்தான் மாத்த முடியும்."

அப்போது அவர் கண், அம்மனின் இரு பக்கமும் ஆளுயரத்துக்கு நின்றுகொண்டிருந்த இரண்டு காவல் பூதங்கள் மேல் விழுந்தது. "இவங்களும் வர்றாங்களா?"

"ஆத்தா எங்க போனாலும் கூடப் போவாங்க. இவரு ஆயிரம் காதம் பாப்பாரு. அவரு காத்துல வர்ற சத்தமெல்லாம் கேப்பாரு."

"உக்காந்து வருவாங்களா?"

"பல நூறு வருஷமா நின்னுக்கிட்டுத்தான் இருக்காங்க."

"நின்னுக்கிட்டுப் பயணம் பண்றது தனி குத்தம்," என்று யென் வருத்தத்தோடு சொன்னார்.

பி-யுன்னால் பொறுக்க முடியவில்லை. கட்டைகளைத் தரையில் வைத்துவிட்டு எழுந்தாள். "சார், நான் ஒண்ணு கேக்கறேன். நாளைக்கு மறுநாள் ஆத்தா பிறந்த வீடு போகணும். எனக்கு வண்டி வேணும். சரக்கும் ஆகாது, ஆளும் ஆகாதுன்னா, அந்தப் பெட்டியில ஏறிப் போக உங்க சட்டத்துல வேற யாருக்குத்தான் அனுமதி?"

யாரோ முதல்முறையாகச் சட்டத்தைத் தம்மிடம் கேட்டுவிட்ட மகிழ்ச்சியில் யென் தடித்த புத்தகத்தைப் பிரித்தார். விரலை ஓட்டினார். விரல் ஓரிடத்தில் நின்றது.

"ஒருத்தருக்கு இருக்கு," என்றார். "சோதனை ஓட்டத்தில் இருக்கும் சரக்கு வண்டியின் பெட்டியில், பணியில் இருக்கும் பரிசோதகர் ஏறிச் செல்லலாம். உட்கார்ந்தோ, நின்றோ."

தூவின் முகம் மெல்ல மெல்ல மலர்ந்தது. "நம்ம அலுவலகத்துல காலியிடம் எத்தன?"

"மூணு, தலைவரே."

"மூணா!" என்றார் தூ, பூதங்களையும் அம்மனையும் மாறி மாறிப் பார்த்து. "கேளுங்க, கேளுங்க."

யென் கேட்டார்: "அம்மன் அவர்களே, அரசாங்க வேலையை ஏற்றுக்கொள்கிறீர்களா?"

ஒன்று தட்டை, ஒன்று முதுகு. முதல் முறை போட்டதிலேயே சம்மதம். "அரசாங்க வேலைன்னா ஆத்தாவுக்குமா இந்த ஆச?" என்று கூட்டத்தில் யாரோ முணுமுணுத்தார்கள். மகனை மூன்று முறை அரசுத் தேர்வு எழுத வைத்துத் தோற்ற தகப்பனாக இருக்க வேண்டும்.

நியமன வேலைகள் அன்றே தொடங்கின. ஆயிரம் காதம் பார்க்கும் பூதம் பார்வைப் பிரிவு உதவிப் பரிசோதகர் ஆனது. காற்றின் சத்தத்தைக் கேட்கும் பூதம் ஒலி மாசுப் பிரிவுக்குப் போனது. இந்த இரண்டு பதவிகளுக்கும் இவ்வளவு தகுதியானவர்கள் இதற்கு முன் அமைந்ததில்லை என்று எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள். அம்மன் விஷயத்தில்தான் இழுபறி. அடையாள அட்டைப் படத்தில் முகம் முழுதாகத் தெரிய வேண்டும் என்று சொல்லி, கிரீடத்திலிருந்து தொங்கும் மணிச்சரங்களை ஒதுக்கிப் பிடிக்கச் சொன்னார்கள். லியாவும் பி-யுன்னும் ஆளுக்கொரு பக்கம் பிடித்தார்கள். வயதைக் கணக்கிட்டால் ஓய்வு பெற வேண்டிய காலம் சுமார் ஆயிரம் வருடத்துக்கு முன்பே கடந்திருந்தது. ஆகவே நிரந்தரப் பணி கிடையாது, வயது வரம்பு இல்லாத ஒப்பந்தப் பணி. ஒப்பந்தப் பணியாளருக்கும் தொழிலாளர் சட்டம் உண்டு என்பதால் வேலை நேரம், மதிய ஓய்வு, வார விடுப்பு எல்லாம் அதில் எழுதப்பட்டன.

"ஆத்தாவுக்கு லீவா?" என்றாள் பி-யுன்.

"கட்டாயம் குடுக்கணும். இல்லன்னா எங்கள உள்ள தள்ளிருவாங்க," என்றார் யென்.

நம்பர் பிளேட் திரும்ப வந்தது. யென்னே மாட்டிவிட்டார். அம்மன் கழுத்தில் அடையாள அட்டையோடு பிறந்த வீட்டுக்குப் புறப்பட்டாள். வழி முழுக்க வெடிச்சத்தம். ஓடும் எழுத்துப் பலகையில் "சோதனை ஓட்டம். ஒத்துழைப்புக்கு நன்றி" என்று ஓடியது. வண்டி நிற்கும் இடங்களில் எல்லாம் ஜனங்கள் அதன் அடியில் புகுந்து எழுந்தார்கள், முதுகில் கொஞ்சம் கிரீஸோடு. மதியம் பன்னிரண்டு அடித்ததும் நெடுஞ்சாலை ஓரம் வண்டியை நிறுத்தி அம்மனுக்குத் திரை போட்டார்கள். ஒன்றரை மணிக்குத் திரையை விலக்கினார்கள். தாய்க்கோயில்காரர்கள் இதெல்லாம் என்ன புது வழக்கம் என்று விசாரித்துக் குறித்துக்கொண்டார்கள். பி-யுன் வண்டியோட்டிக்கொண்டே அழுதாள், இந்த முறை சந்தோஷத்தில். காரியம் நடந்துவிட்டது, வண்டியும் பிழைத்துவிட்டது.

திரும்பி வந்த மறுநாள் சிப்பி ஏற்றப் போனபோதுதான் வண்டியின் புதிய அட்டையைப் படித்தாள். வாழ்க்கையில் முதல்முறை. அதில், "சிறு சரக்கு வண்டி. சோதனை ஓட்டத்தில் உள்ளது. பரிசோதகரையும் அவரது கைப்பொருட்களையும் தவிர வேறு எதையும் ஏற்றலாகாது" என்று இருந்தது.

நேரே யென்னிடம் போனாள். "சார், என் சிப்பி?"

"ஏத்த முடியாது அக்கா."

"சரக்கு வண்டில சரக்கு ஏத்தக் கூடாதா?"

"சோதனை முடியறவரைக்கும் கூடாது."

"சோதன எப்ப முடியும்?"

"பரிசோதகர் கையெழுத்துப் போட்டா முடியும்."

"யாரு பரிசோதகர்?"

யென் கோயில் இருந்த திசையைப் பார்த்துக் கும்பிட்டார். அழுது பழகிய இடம்தான் என்றாலும் பி-யுன் இந்த முறை அழவில்லை. சட்டத்தோடு கொஞ்ச நாள் பழகிவிட்டதில் அவளுக்கும் அதன் நெளிவுசுளிவு பிடிபட்டிருந்தது. "கைப்பொருளுக்கு எட கட்டுப்பாடு உண்டா?" என்று மட்டும் கேட்டாள்.

"இல்ல."

அன்று முதல் சிப்பி மூட்டைகள் அனைத்தும் அம்மனின் கைப்பொருட்கள் ஆயின. அதிகாரி இல்லாமல் அவருடைய கைப்பொருள் மட்டும் தனியாகப் போக முடியாது. ஆகவே விடியும் முன் அம்மனும் பூதங்களும் வண்டியில் ஏறினார்கள். சந்தையில் சிப்பி விற்று முடியும்வரை உடன் இருந்தார்கள். சட்டம் மகிழ்ந்தது, கணவர் மகிழ்ந்தார். அம்மன் கூடவே வருவதால் சிப்பிக்கு விலையும் கொஞ்சம் ஏறியது.

இதைப் பார்த்துவிட்டு மற்றவர்கள் சும்மா இருப்பார்களா? அந்தக் கரையில் கூரை ஏற்றாத, கம்பி வளைக்காத, விளக்கு கோக்காத சரக்கு வண்டி ஒன்றுகூடக் கிடையாது. எல்லோரும் அபராதத்துக்குப் பயந்து இருட்டில் ஓட்டிக்கொண்டிருந்தவர்கள். மீன் வண்டிக்காரர் தெருமுனை நிலச்சாமியைப் பணியில் சேர்த்தார். பன்றி ஏற்றும் வண்டிக்குப் போர்த்தெய்வம் கிடைத்தது. பாக்கு வண்டிக்காரருக்கு வேறு சாமி கிடைக்காமல் பக்கத்து ஊரிலிருந்து சமையலறைத் தெய்வத்தை அயல்பணியில் அழைத்து வந்தார். கோயில் கோயிலாக "பணி நிமித்தம் வெளியே சென்றுள்ளார்" என்ற பலகை தொங்கியது. மாவட்டத்தில் விதிமீறிய வண்டி ஒன்றுகூட இல்லை, எல்லாமே சோதனை ஓட்டத்தில் இருக்கின்றன என்று தூ அறிக்கை அனுப்பினார். தலைநகரில் அவருக்குக் கேடயம் கொடுத்தார்கள். கேடயத்தோடு இன்னும் கொஞ்சம் ஒட்டும் காகிதமும் கொடுத்தார்கள்.

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க மாட்டான் என்பார்கள். சிப்பித்துறையில் அந்தச் சங்கடம் தீர்ந்துவிட்டது. வரம் கேட்க வருகிறவர்களை அலைக்கழிக்கக் கூடாது என்று அலுவலகமே நேரம் வகுத்தது. அதிகாலை சந்தைப் பணி. பிறகு ஓய்வு. இரண்டு மணி முதல் ஐந்து மணி வரை பொதுமக்கள் சந்திப்பு, வாசல் இயந்திரத்தில் சீட்டு எடுத்து வரிசையில் வர வேண்டும். அதிகாரிக்கு உதவியாளர் வேண்டுமே என்று பி-யுன்னுக்கும் ஓர் அட்டை கொடுத்தார்கள். முதல் வாரம் அவள் கூச்சத்தோடு அதைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டாள். எல்லோரையும் "உள்ள போங்க, போங்க" என்று விட்டாள். இரண்டாம் வாரம் அட்டை சட்டைக்கு வெளியே வந்தது. பிறகு கோயிலுக்குள் ஒரு மேசை வந்தது, மேசைக்கு ஒரு கண்ணாடி ஜன்னல் வந்தது. ஒரே மனுவில் உடல்நலமும் பரீட்சையும் கேட்டு வந்த ஒரு பெண்ணை, "ரெண்டையும் தனித்தனியா எழுதிட்டு வாம்மா" என்று அவள் திருப்பி அனுப்பியபோது, வரிசையில் இருந்தவர்கள் அது நியாயம்தான் என்று தலையாட்டினார்கள்.

ஒரு நாள் மாலை அவள் ஜன்னலை மூடிக்கொண்டிருந்தபோது வெல்டிங் குயெய் ஓடி வந்தான். கையில் ஊதுவத்தி. மூச்சு வாங்கியது.

"அக்கா, பொண்டாட்டிய ஆஸ்பத்திரில சேத்திருக்கேன். நாளைக்குக் காலையில வயித்துல ஆபரேஷன். ஆத்தாகிட்ட ஒரே ஒரு வார்த்த சொல்லிட்டுப் போயிடறேன்."

பி-யுன் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். "அஞ்சு ஆயிடுச்சே குயெய்."

"ரெண்டு நிமிஷம்."

"நாளைக்கு ரெண்டு மணிக்கு வா. முதல் சீட்டு உனக்குத்தான்."

"ரெண்டு மணிக்குள்ள எல்லாம் முடிஞ்சிரும் அக்கா! ஆத்தா இதோ எதிர்லயேதான உக்காந்திருக்காங்க?"

"உக்காந்திருக்காங்க," என்றாள் பி-யுன் பொறுமையாக. "ஆனா பணியில இல்ல."

குயெய் அவளையே பார்த்தான். "அக்கா, உன் வண்டிக்குக் கூர போட்டவன் நான்."

அவளுக்கு மனசு கஷ்டமாகத்தான் இருந்தது. அதை மறைக்கவும் இல்லை. "அதனாலதான்டா நின்னு பேசிக்கிட்டிருக்கேன். வேற ஆளா இருந்தா எப்பவோ ஜன்னல சாத்தியிருப்பேன். உனக்கு ஒருத்தனுக்குத் திறந்தா நாளைக்கு ஊரே வந்து நிக்கும். எனக்கு மட்டும் ஆசையா? விதி அப்படி."

கோயில் ஷட்டரை இறக்கிப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போனாள். அவன் என்ன செய்தான் என்று அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

மறுநாள் விடியும் முன் அம்மனை ஏற்றிப்போக வந்தபோது, ஷட்டருக்கும் தரைக்கும் இடையில் இருந்த சின்னச் சந்தில் ஓர் ஊதுவத்தி அடிவரை எரிந்து சாம்பலாகிக் கிடந்தது. பி-யுன் குனிந்து அந்தக் குச்சியை எடுத்தாள். சற்று நேரம் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். பிறகு மேசையைத் திறந்து, பதிவேட்டில் குயெய்யின் பெயரை எழுதி, பக்கத்தில் "நேரம் கடந்து வந்தது, ஏற்பதற்கில்லை" என்று குறித்து, முத்திரை வைத்தாள். வெளியே சிப்பி மூட்டைகள் காத்திருந்தன. அம்மனைத் தூக்கி வண்டியில் வைத்து, அடையாள அட்டையைச் சரிசெய்துவிட்டு, இஞ்சினைக் கிளப்பினாள்.